இவருக்குப் பதில் இவர்

தொலைக்காட்சித் தொடர் பார்த்து வளர்ந்த எவருக்கும் அந்த அட்டையை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. நேற்றுவரை அப்பாவாக இருந்தவர் இன்று வேறு மூக்கோடு மாடிப்படி இறங்கி வருவார். படம் ஒரு நொடி உறையும். கீழே எழுத்து வரும்: ‘இனி இவருக்குப் பதில் இவர்’. ஐந்து விநாடிதான். அதற்குள் மனைவி, மக்கள், பக்கத்து வீட்டுக்காரர் எல்லோரும் புதிய மூக்கை ஏற்றுக்கொண்டுவிடுவார்கள். ஓர் ஆட்சி மாறுவதற்குக்கூட இதைவிட அதிக நேரமும் சத்தமும் ஆகிறது.

இந்த அட்டையைத் தம் கையால் நாற்பத்தொரு முறை போட்டவரும், நாற்பத்திரண்டாவது முறை போடச் சொன்னபோது ஒரேயடியாக முரண்டு பிடித்தவருமான ஓர் இயக்குநரின் வரலாறு இது. அவர் தயாரிப்பாளரும்கூட. அதுவும் வேறொருவர் விட்டுப்போன வேலைதான்.

தொழிலில் அவருக்குப் பெயர் ஸ்டெப்னி. வண்டியின் பின்னால் தொங்கிக்கொண்டிருக்குமே, ஓடுகிற சக்கரம் பஞ்சரானால் மட்டும் ஞாபகத்துக்கு வருகிற மாற்றுச் சக்கரம், அது. கிண்டலுக்கு வைத்த பெயர். அவர் அதைப் பட்டமாக எடுத்துக்கொண்டார். தொலைபேசியை எடுத்தால், “ஸ்டெப்னி பேசறேன், எந்தச் சக்கரம் போச்சு?” என்பார்.

இருபத்திரண்டு வயதில் நிலையத்தில் எழுத்து ஓவியராகச் சேர்ந்தார். கறுப்பு அட்டையில் வெள்ளைத் தூரிகையால் நிகழ்ச்சித் தலைப்புகளை எழுதுவது வேலை. ஒரு மதியம் வானிலை நிகழ்ச்சியின் இயக்குநருக்குக் கடைவாய்ப் பல் வீங்கிவிட்டது. நிலைய மேலாளர் ஒவ்வோர் அறையாகக் கதவைத் திறந்து பார்த்தார். கையில் வேலை இல்லாமல் இருந்தவர் இவர் ஒருவர்தான்.

“நீ வந்து கொஞ்ச நேரம் அந்த நாற்காலியில உக்காரு.”

“சார், எனக்கு எழுத்து எழுத மட்டும்தான் தெரியும்.”

“வானிலைக்கு அதுவே ஜாஸ்தி.”

அந்தக் கொஞ்ச நேரம் நான்கு ஆண்டுகள் நீடித்தது. பல் அதற்குள் ஆறிவிட்டது என்றாலும், பல்லின் சொந்தக்காரருக்கு ஓய்வு பிடித்துப்போயிற்று. அப்புறம் விவசாய நிகழ்ச்சியில் இயக்குநருக்கும் ஒரு காளைக்கும் கருத்து வேறுபாடு வந்தது. காளை விட்டுக்கொடுக்கவில்லை. இவரை அனுப்பினார்கள். குழந்தைகளுக்கான பொம்மலாட்டம், பொது அறிவுப் போட்டி, காலை நேர உடற்பயிற்சி, சட்டமன்ற நேரடி ஒளிபரப்பு, இரங்கல் நிகழ்ச்சிகள் என்று யார் யாரோ காலி செய்த நாற்காலிகளில் எல்லாம் உட்கார்ந்து எழுந்தார். முப்பத்தைந்து ஆண்டுகளில் அவர் எந்த நிகழ்ச்சியையும் தொடங்கியதே இல்லை. எல்லாம் பாதியில் வந்தவை. இயக்குநர் சங்கத்தினர் அவருக்குப் ‘பன்முக இயக்குநர்’ என்று ஒரு கேடயம் கொடுத்தார்கள். அதில்கூட முதலில் வேறொருவர் பெயர்தான் பொறித்திருந்தது. அவரால் வரமுடியாததால் மேலே ஸ்டிக்கர் ஒட்டியிருந்தார்கள்.

ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்க்கும் அவர் மனைவி அந்த ஸ்டிக்கரின் ஒரு மூலையை நகத்தால் நிமிண்டிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “ஏங்க, ரொம்ப நாளா கேக்கணும்னு நெனச்சேன். நம்ம கல்யாணத்துக்கு நீங்க யாருக்குப் பதிலா வந்தீங்க?”

ஸ்டெப்னி கேடயத்தைக் குளிர்பெட்டியின் மேல் வைத்தார்.

இப்படி வாழ்ந்தவரிடம்தான் அந்த நெடுந்தொடர் வந்து சேர்ந்தது. இருநூற்றுப் பன்னிரண்டாம் பகுதியில் அதன் தயாரிப்பாளரும் இயக்குநரும் ஒரே நாளில் வேறு சேனலுக்குத் தாவினார்கள். போகும்போது சாவிக்கொத்தை ஸ்டெப்னி கையில் கொடுத்துவிட்டுப் போனார்கள். கதை எளிமையானது. ஓர் அச்சகக் குடும்பம். அதன் மாமியார், மருமகளை வீட்டை விட்டுத் துரத்துவார். மருமகள் திரும்பி வருவாள். மாமியார் மறுபடியும் துரத்துவார். இதில் தொள்ளாயிரம் பகுதிகள் ஓடிவிட்டன. அப்பா மூன்று முறை மாறினார், இளைய மகன் இரண்டு முறை, வக்கீல் ஏழு முறை. ஒவ்வொரு முறையும் ஸ்டெப்னி அட்டை போட்டார், யாரும் மூச்சு விடவில்லை. நாய் மாறியபோது அட்டை போட மறந்துவிட்டார். அதற்கு மட்டும் நானூறு கடிதம் வந்தது.

மாறாதவர் ஒருவர்தான்: மாமியார். ஐம்பத்து மூன்று வயது நடிகை. பொம்மலாட்ட நாள்களிலேயே ஸ்டெப்னிக்குப் பழக்கம், அங்கே காக்கைப் பொம்மைக்குக் குரல் கொடுத்தவர். படப்பிடிப்புத் தளத்தில் எல்லோருக்கும் அவர் அக்கா. அவர் ‘போடி வெளியே’ என்று கத்தும்போது தேநீர் கொண்டுவருபவர்கூட இரண்டடி பின்னால் போவார்.

ஒரு காலையில் ஒப்பனைக்காரர் அவருக்கு உதட்டுச் சாயம் பூசிக்கொண்டிருந்தார். கோடு நேராக வரவில்லை. துடைத்துவிட்டு மறுபடி பூசினார். மூன்றாவது முறை தம் கையின் மேலேயே அவருக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

“அக்கா, கொஞ்சம் ஆடாம இருங்களேன்.”

“நான் எங்க ஆடறேன்? நீங்கதான் ஆட்டறீங்க.”

அப்புறம்தான் இருவரும் கண்ணாடியைப் பார்த்தார்கள். முகத்தின் இடப்பக்கம் கேட்காமலேயே விடுப்பில் போயிருந்தது. கண் முழுதாக மூடவில்லை, வாயின் ஓரம் தொங்கிவிட்டது. முகத்து நரம்பு, பயப்பட ஒன்றும் இல்லை, மாதக்கணக்கில் ஆகும், ஓரத்தில் கொஞ்சம் அப்படியே நின்றாலும் நிற்கும் என்றார் மருத்துவர். பயப்பட ஒன்றும் இல்லை என்பது மருத்துவர் கருத்து. மருத்துவர் நடிகை அல்ல.

இரண்டு வாரம் ஸ்டெப்னி அவருடைய வலப்பக்கத்தை மட்டும் வைத்து ஒப்பேற்றினார். மாமியார் வசனமே இல்லாமல் பக்கவாட்டில் கோபித்தார், பக்கவாட்டில் அழுதார். மூன்றாவது வாரம் சேனலின் நிகழ்ச்சித் தலைவர் கூப்பிட்டார். எந்த உரையாடலுக்கும் பார்வையாளர் எண்ணிக்கையைக் காட்டும் ஒரு கோட்டுப்படத்தை எடுத்துக்கொண்டு வருவதால் அவருக்கு ஊரே வைத்த பெயர் கிராஃப்.

“என்ன சார், உங்க மாமியார் எப்பப் பார்த்தாலும் சுவத்தையே பாத்துட்டிருக்காங்க?”

“கதைப்படி கோபம் சார்.”

“சுவர் மேலயா?”

உண்மையைச் சொல்ல வேண்டியதாயிற்று. கிராஃப் பச்சாதாபத்தோடு கேட்டார், பச்சாதாபத்தோடு மேசை இழுப்பறையைத் திறந்தார், பச்சாதாபத்தோடு வேறொரு நடிகையின் புகைப்படத்தை எடுத்து வைத்தார். அது ஏற்கெனவே தயாராக இருந்தது.

“ஒன்பதாம் தேதி ஒளிபரப்புல அட்டை வந்தாகணும்.”

“அவங்க உயிரோடதானே சார் இருக்காங்க?”

“நீங்க மாத்தின மூணு அப்பாவும் உயிரோடதான் இருக்காங்க. நாப்பத்தொண்ணு போட்ட கை சார் அது. நாப்பத்திரண்டாவதுக்கு மட்டும் என்ன, சுளுக்கா?”

இது நியாயமான கேள்வி. அட்டை வராவிட்டால் மாமியாரோடு இயக்குநரும் மாறுவார் என்று கிராஃப் எழுத்தில் கொடுத்தார். ஸ்டெப்னி அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, எப்படியாவது செய்தியைப் பக்குவமாகச் சொல்லிவிடலாம் என்று அக்காவின் வீட்டுக்குப் போனார்.

இரண்டாம் மாடி. கதவு திறந்தது. அக்கா ஒரு கையால் வாயோரத்தைத் தூக்கிப் பிடித்திருந்தார்.

“அண்ணே, ஆள் யாரு? அதைச் சொல்லுங்க.”

பக்குவம் வாசலிலேயே தீர்ந்துபோயிற்று.

“யாரும்மா சொன்னது உனக்கு?”

“நீங்கதான். உள்ளே நுழையறதுக்குள்ளே கண்ணு சொல்லிடுச்சு. இன்னொருத்தி என் சேலையைக் கட்டிக்கிட்டு என் நாற்காலியில உட்கார்ந்து கத்தினா, அதை நான் இங்கே இருந்து ரசிக்கணுங்கறீங்களா? எனக்கு என்ன குறைச்சல்? நாக்கு இருக்கு. கண்ணு ஒண்ணரை இருக்கு. இதை வச்சுக்கிட்டு...” அக்கா நிறுத்தினார். ‘வச்சு’வில் வெறும் காற்றுதான் வந்தது. எரிச்சலோடு திருத்திக்கொண்டார்: “இதைக் காட்டி நடிக்கத் தெரியாதா எனக்கு?”

ஸ்டெப்னி எழுத்து ஓவியராக இருந்தவர். யார் பேசினாலும் காதில் விழுவதற்கு முன்பே எழுத்தாகக் கண்ணில் தெரிந்துவிடும். அந்தப் பேச்சில் ஏதோ சில எழுத்துகள் இல்லை என்று அவருக்குப் பட்டது. அந்த நேரம் கீழே காய்கறிக்காரர் மணி அடித்தார். அக்கா சன்னலைத் திறந்து, “அண்ணாச்சி, அந்தக் காரக்காய் கால் கிலோ” என்றார்.

“காரக்காயா?”

அக்கா ஒரு தாளை எடுத்து ‘மிளகாய்’ என்று எழுதிக் காட்டினார். உதடு ஒட்டினால்தான் ‘ம’ வரும். ‘ப’வும் அப்படியே. ‘வ’வுக்கு உதடு பல்லைத் தொடவேண்டும். மூன்று வாரமாக அந்த மூன்று எழுத்தும் அவர் வாயில் இல்லை. அவற்றைச் சுற்றிக்கொண்டு போகப் பழகியிருந்தார், குழி விழுந்த தெருவில் வண்டி ஓட்டுகிறவரைப் போல.

ஸ்டெப்னி சொல்ல வந்ததைச் சொல்லவில்லை. படி இறங்கி நேராக வசனகர்த்தாவிடம் போனார்.

வசனகர்த்தாவைப் புலவர் என்பார்கள். தமிழில் முதுகலை. ‘அய்யோ, நீயா?’ என்ற வரியைத் தொள்ளாயிரம் பகுதிகளில் மூவாயிரம் முறை எழுதியவர். படப்பிடிப்பு வேனின் பின்னிருக்கைதான் அவர் அலுவலகம்.

“புலவரே, ப, ம, வ இந்த மூணும் இல்லாம வசனம் எழுத முடியுமா?”

புலவர் கண்ணாடியைக் கழற்றினார். தொண்டையைச் செருமினார். “சார், இந்தக் கேள்விய யாராவது கேக்க மாட்டாங்களான்னு இருபது வருஷமா இந்த வேன்ல உக்காந்திருக்கேன். அதுக்கு நிரோட்டம்னு பேரு. உதடு ஒட்டாம பாடற பாட்டு. காலேஜ்ல நான் நூறு பாட்டு எழுதினேன்.”

“யாராவது படிச்சாங்களா?”

“வாத்தியார் படிச்சார். பன்னெண்டாவது பாட்டுல தூங்கிட்டார். பழைய முறைப்படி உ, ஒ கூட ஆகாது சார். உதடு குவியும்.”

“அக்காவுக்கு அது வருது.”

“அப்ப அதைச் சலுகையா எடுத்துக்கறேன்.”

எழுதத் தொடங்கியபோதுதான் மொழியின் ஒரு பெரிய ரகசியம் வெளிப்பட்டது. இதுவரை எந்தப் பல்கலைக்கழகமும் இதைக் கண்டுபிடித்ததாகத் தெரியவில்லை. மாமியார் ஒருவருக்குத் தொழில் நடத்தத் தேவையான சொத்து முழுவதும் உதட்டில்தான் இருக்கிறது. மானம், மரியாதை, பரம்பரை, குடும்பம், பத்திரம், சாபம், வம்பு, பழி, பாவி எல்லாம் போயிற்று. மருமகள் என்ற சொல்லே போயிற்று. மிக முக்கியமாக, ‘போ’வும் ‘வெளியே’வும் போயின. ‘இரு’ என்று சொல்லலாம். ‘சிரி’ என்று சொல்லலாம். ‘கண்ணு’, ‘தங்கச்சி’, ‘அழாதே’ தாராளமாகச் சொல்லலாம்.

“சார், மிச்சம் இருக்கறது பூரா நல்ல வார்த்தையா இருக்கே” என்றார் புலவர் கலவரத்தோடு.

“அப்ப நல்லவங்களா ஆக்கிடு.”

“திடீர்னா?”

“அப்பா திடீர்னு உயரம் குறைஞ்சாரே, அதை நம்பினாங்கல்ல?”

முதல் காட்சி எடுத்தார்கள். மருமகள் பெட்டியோடு வாசலில் நிற்கிறாள். மாமியார் கேமராவுக்கு நேரே முகத்தைக் காட்டி, சரிந்த வாயும் மூடாத கண்ணுமாகச் சொல்கிறார்: “அழாதே கண்ணு. இங்கேயே இரு. அந்த நாற்காலி எனக்கு, இது உனக்கு. யார் கேட்டாலுங்கூட நகரக் கூடாது.”

மருமகளாக நடித்த பெண் பெட்டியைக் கீழே வைக்கவில்லை.

“சார், இப்ப நான் எந்தப் பக்கம் போறது?”

“உள்ள போம்மா.”

“உள்ள செட்டே இல்லையே சார். இத்தனை வருஷத்துல என்னை யாரு உள்ள விட்டா?”

உண்மைதான். வாசலுக்குப் பின்னால் வெறும் பலகையும் கம்பியும்தான் இருந்தன. ஸ்டெப்னி அன்று மதியமே சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு, தூரிகை பிடித்து ஓர் அறையை வரைந்தார். சன்னல், அலமாரி, சுவர்க்கடிகாரம் எல்லாம் வரைந்தவைதான்.

நெடுந்தொடர் என்பது அன்றாடம் சமைத்து அன்றாடம் பரிமாறுகிற கடை. மூன்று நாள் கையிருப்பு இருந்தால் இயக்குநர்கள் விடுமுறை எடுப்பார்கள். ஸ்டெப்னி பதினொரு நாளில் இருபத்திரண்டு பகுதிகளை எடுத்து முடித்தார். நான்கு நிமிடத்தில் முடி என்றால் நான்கே நிமிடத்தில் முடிக்க வானிலை கற்றுக்கொடுத்திருந்தது. முகம் களைத்தால் கையை மட்டும் காட்டிக் கதை சொல்லப் பொம்மலாட்டம். கத்தாமல் வேலை வாங்கும் கலையைக் காளையிடம் கற்றிருந்தார். பிறர் விட்டுப்போன நாற்காலிகள் எல்லாம் அந்தப் பதினொரு நாளில் வரிசையாக வந்து அவருக்கு வேலை செய்தன.

ஒன்பதாம் தேதி வந்தது. ஸ்டெப்னி சொன்ன சொல் தவறாதவர். அட்டை போட்டார். கணினியில் அல்ல, கறுப்பு அட்டையில் வெள்ளைத் தூரிகையால். இடப்பக்கம் அக்காவின் பழைய படம். வலப்பக்கம் அதே அக்கா, புதிய முகத்தோடு, நேர் பார்வையில். கீழே: ‘இனி இவருக்குப் பதில் இவரே’. ஒரே ஓர் ஏகாரம்தான் கூடுதல். உறுதிப்பொருள் தருகிற தேற்றேகாரம் என்று புலவர் மகிழ்ந்துபோய்ச் சொன்னார். ஐந்து விநாடிக்குப் பதில் பதினொரு விநாடி நிறுத்தினார் ஸ்டெப்னி, பார்வை மங்கியவர்களும் எழுத்துக்கூட்டிப் படிப்பதற்காக.

மறுநாள் காலை கிராஃப் தளத்துக்கே வந்துவிட்டார். கையில் நீக்கல் கடிதம். பின்னால் இன்னொருவர், வேறு தொடர் ஒன்றின் இயக்குநர், சங்கடத்தோடு தரையைப் பார்த்துக்கொண்டு.

“நான் கேட்ட அட்டையா சார் இது?”

“ஒன்பதாம் தேதி அட்டை வரணும்னு எழுதினீங்க. வந்துது. இதோ உங்க கையெழுத்து.”

“விளையாடறீங்களா? இந்த வயசுல உங்களுக்கு வேற யாரு வேலை குடுப்பா?”

“குடுக்க வேணாம் சார். முப்பத்தஞ்சு வருஷமா எந்திரின்னா எந்திரிச்சேன், உக்காருன்னா உக்காந்தேன். யாரோட நாற்காலி, ஏன் காலியாச்சு, ஒரு நாள் கேக்கலை. எனக்கு அதுல பெருமைகூட இருந்துது. இந்த நாற்காலி காலியாகலை. ஆள் உள்ள இருக்காங்க. ஆள் இருக்கற நாற்காலியில இன்னொரு ஆளை என்னால உக்கார வைக்க முடியாது.”

“அப்ப நீங்க எந்திரிங்க.”

“முடியாது.”

தளத்தில் விளக்குப் பிடித்திருந்தவர்கள் விளக்கை மறந்தார்கள். கிராஃப் பின்னால் நின்றவரைப் பார்த்தார். அவர் வேறு வழியில்லாமல் புலவரிடமிருந்து வசனத் தாளை வாங்கிப் படித்தார். எல்லா இருபத்திரண்டு பகுதிகளிலும் மாமியார் இருந்தார், எல்லாவற்றிலும் நேர் முகத்தோடு. மருமகள் வீட்டுக்குள் போய்விட்டிருந்தாள்.

“சார்,” என்றார் அவர் மெதுவாக, “இதை எடுத்துட்டா எட்டு மணிக்கு என்ன போடறது?”

“பழைய எபிசோட் போடு.”

“எந்த அப்பா சார்?”

கிராஃப் கையிலிருந்த கடிதத்தை ஒருமுறை மடித்தார்.

“அதுவும் இல்லாம, ப, ம, வ இல்லாம எனக்குத் திட்டக்கூட வராது சார்” என்றவர், ஸ்டெப்னிக்கு ஒரு வணக்கம் போட்டுவிட்டுக் கிளம்பினார். கிராஃப் கடிதத்தைப் பைக்குள் வைத்துக்கொண்டு, “இருபத்திரண்டு முடியட்டும்” என்றார். மிரட்டல்போலத்தான் சொன்னார்.

இருபத்திரண்டும் ஒளிபரப்பாயின. இந்த இடத்தில் கோடு வானத்துக்கு ஏறியது என்று எழுத ஆசைதான். ஏறவில்லை. இறங்கவும் இல்லை. கோடு தரையில் படுத்த கம்பிபோல நேராகப் போயிற்று. ஏறினால் விளக்கம் சொல்லவும் இறங்கினால் ஆளை நீக்கவும் தெரிந்த கிராஃபுக்கு, நேர்கோட்டை என்ன செய்வதென்று தெரியவில்லை. மாமியார் முகத்தைப் பற்றி ஒரே ஒரு கடிதம் வந்தது. எழுதியவருக்கும் அதே நரம்பு, அதே பக்கம். தாம் இப்போது சன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு தொடர் பார்ப்பதாக எழுதியிருந்தார். மற்ற கடிதங்கள் எல்லாம், வரைந்த அறையில் சன்னல் நிழல் தப்பான பக்கம் விழுகிறது என்று. நீக்கல் கடிதம் கிராஃப் பையிலேயே கசங்கியது.

இருபத்து மூன்றாம் பகுதிக்கான படப்பிடிப்பு அன்று, அக்கா வசனத் தாளைப் படித்துவிட்டு மேசைமேல் கவிழ்த்து வைத்தார்.

“அண்ணே, எத்தனை நாளைக்கு நான் நல்லவளாவே இருக்கறது?”

‘வ’ பாதியில் காற்றாகக் கழன்று விழுந்தது. அவர் அதைத் திருத்திக்கொள்ளவில்லை.

“ஏம்மா, நல்லாத்தானே போகுது?”

“உங்களுக்குப் போகுது. எனக்கு வாய் நமநமங்குது. அவளை வெளிய அனுப்பணும். எனக்கு ‘போ’ வேணும்.”

புலவர் துடித்துப்போனார். நிரோட்டத்தில் நானூறு பக்கம் தாண்டியிருந்தார். “அக்கா, உதடு ஒட்டாதே!”

“ஒட்டாட்டி என்னய்யா? நான் சொன்னா அவ போவாளா மாட்டாளா?”

ஸ்டெப்னி தயங்கினார். சேனலையே எதிர்த்து நின்றவருக்கு இதற்குத் தைரியம் வரவில்லை. “எல்லாரும் சிரிச்சுட்டா...”

“சிரிக்கட்டும். என்னைக் காப்பாத்தினது போதும்ணே. நடிக்க விடுங்க.”

கேமராவை நேராக வைத்தார்கள். மருமகள் வாசலில் நின்றாள். அக்கா மெல்ல நடந்து வந்தார். சரிந்த ஓரத்தைக் கையால் தூக்கவில்லை, பாதியில் நிற்கும் கண்ணை மறைக்கவில்லை. ஒரு மூச்சு எடுத்தார்.

“ஃபோடி ஃவெளியே!”

சொல் பாதி, காற்று பாதி. காற்றுதான் அதிகம் பயமுறுத்தியது. மருமகள் வசனத் தாளில் இல்லாத மூன்றடி பின்னால் போய்ப் படியில் தடுக்கி உட்கார்ந்தாள்.

ஒலிப்பதிவாளர் காதிலிருந்த கருவியைத் தூக்கினார். “சார், ‘போ’ சரியா விழலை. டப்பிங்ல வேற யாராவது...”

ஸ்டெப்னி வாயைத் திறப்பதற்குள் அக்கா ஒலிப்பதிவாளர் பக்கம் திரும்பினார்.

“என்ன சொன்னேன்னு உனக்குப் புரிஞ்சுதா?”

“நல்லாவே புரிஞ்சுதுக்கா. நானே கிளம்பிடலாமான்னு பார்த்தேன்.”

“ஓகே” என்றார் ஸ்டெப்னி.